திருநாள் எவருடையது? ஒரு கற்பனை நாட்காட்டி பற்றிய சிந்தனை

காலம் என்பது வேறு. காலக்கணக்கு என்பது வேறு. ஞாயிறு எழுவதும் படுவதும், திங்கள் வளர்வதும் தேய்வதும், மாரியும் கோடையும் மாறிவருவதும் மனிதன் வகுத்தவை அல்ல. ஆயின், இன்று வெள்ளிக்கிழமை என்பதும், இது ஆண்டின் முதல்நாள் என்பதும், இந்நாளிற் புதுக்காரியம் தொடங்கலாகாது என்பதும் மனிதன் வகுத்தவையே. முன்னையதை இயற்கை எனவும் பின்னையதை வழக்காறு எனவும் கிரேக்க மெய்யியலார் பிரித்து நோக்கினர். நூலளவில் இப்பிரிவினை எளிதாகத் தோன்றினும் வீட்டளவில் அத்துணை எளிதன்று. யாழ்ப்பாணத்தில் வாக்கிய பஞ்சாங்கமும் திருக்கணித பஞ்சாங்கமும் புத்தாண்டு பிறக்கும் நேரத்தை வெவ்வேறாகக் குறிக்கும்போது, எது மெய்யான நேரம் என்று கேட்கும் பிள்ளைக்கு, “எங்கள் வீட்டுக்கு இதுதான்” என்றே விடை கிடைக்கின்றது. அவ்விடை பிள்ளையின் வாயை அடைப்பதற்காகச் சொல்லப்படுவது. எனினும் அதனுள் ஒரு மெய்யியற் சிக்கல் பொதிந்து கிடக்கின்றது. ஒரு நாளைத் திருநாள் ஆக்குவது யாது? அவ்வாறு ஆக்கும் உரிமை எவருக்கு உண்டு?

இவ்வினாவை நம்முடைய பஞ்சாங்கங்களை வைத்துக்கொண்டே ஆராயப் புகின் பற்றும் வெறுப்பும் இடையே புகுந்துவிடும். எவருடைய சமயத்துக்கும் உரியதல்லாத, முழுவதும் ஒருவரின் கற்பனையிற் பிறந்த ஒரு நாட்காட்டியை முன்வைத்து ஆராய்வதே நன்று. அத்தகைய நாட்காட்டி ஒன்றை ஒக்ஸ்போட் பல்கலைக்கழகத்தில் மொழியியற் பேராசிரியராக விளங்கிய ஜே. ஆர். ஆர். ரோல்கீன் ஆக்கித் தந்துள்ளார். ‘மோதிரங்களின் அதிபதி’ எனப் பொருள்படும் அவரது பெருங்கதையின் மூன்றாம் பாகம் 1955இல் வெளியானது. அதன் இறுதியிலுள்ள பின்னிணைப்புகளுள் ஒன்று நாட்காட்டிகளைப் பற்றியது. கதையைப் படித்து முடித்தோருட் பலர் அப்பக்கங்களைப் புரட்டுவதில்லை. கதை முழுவதிலும் விடை காணாது விடப்பட்ட ஒரு வினாவுக்கு அங்கேதான் விடை இருக்கின்றது என்பது என் கருத்து.

அக்கதையில் ஷயர் என்றொரு வேளாண் நாடு உண்டு. ஹொபிற் எனப்படும் குறுமாந்தர் அங்கு வாழ்கின்றனர். அவர்களின் ஆண்டு பன்னிரு மாதங்களை உடையது. ஒவ்வொரு மாதமும் சரியாக முப்பது நாள். எஞ்சும் ஐந்து நாள்கள் எந்த மாதத்துக்கும் உரியவை அல்ல. அவற்றுள் யூல் எனப்படும் இரண்டும் குளிர்கால நடுவில் வருவன. முதலாம் யூல் பழைய ஆண்டின் கடைசி நாள். இரண்டாம் யூல் புதிய ஆண்டின் முதல்நாள். ஏனைய மூன்றும் கோடை நடுவில், ஆறாம் ஏழாம் மாதங்களுக்கு இடையே, வருவன. லைத் எனப்படும் இரு நாள்களின் நடுவே ‘ஆண்டு நடுநாள்’ அமையும். நெட்டாண்டில் அந்நடுநாளை அடுத்து ஓவர்லைத் என இன்னொரு நாள் சேர்க்கப்படும். அது பெருங் களியாட்ட நாள். கிழமைக்கு நாள் ஏழு. கிழமையின் கடைசி நாளே முதன்மை நாள். அன்று நண்பகலோடு வேலை நின்றுவிடும், மாலையில் விருந்து நடைபெறும்.

இதுவரையில் வியப்பதற்கு எதுவுமில்லை. ஒரு காலத்தில் இரண்டாம் இசென்கிரிம் என்பானின் ஆட்சியின்போது ஷயர் மக்கள் ஒரு சிறு திருத்தம் செய்துகொண்டனர். ஆண்டு நடுநாளும் ஓவர்லைத்தும் கிழமைக் கணக்கிற் சேரா என்பதே அத்திருத்தம். நடுநாளை நீக்கினால் எஞ்சுவன 364 நாள்கள். அவை சரியாக 52 கிழமைகள். ஆதலின் ஒவ்வோர் ஆண்டும் கிழமையின் முதல்நாளிலே தொடங்கிக் கடைசி நாளிலே முடியும். ஒரு திகதி எந்த ஆண்டிலும் ஒரே கிழமையிலேயே விழும். கடிதத்திற் கிழமையைக் குறிக்கும் வழக்கமே அங்கு ஒழிந்துபோயிற்று. வீட்டோடு இருப்பவர்களுக்கு இது வசதி. வெளியூர் போகிறவர்களுக்கு அவ்வளவு வசதியன்று எனச் சிறு நகையுடன் ஆசிரியர் எழுதுகின்றார். இத்திருத்தத்தின் பயனாக எந்த மாதமும் வெள்ளிக்கிழமையிற் பிறப்பதில்லை. ஆகவே ‘முதலாந் திகதி வெள்ளிக்கிழமை’ என்பது ஷயர் வழக்கில் ஒருபோதும் நடவாததைக் குறிக்கும் தொடராயிற்று. பன்றி பறப்பதும் மரம் நடப்பதும் அந்நாளில் நிகழும் என்பர். (கதையில் மரங்கள் நடக்கவே செய்கின்றன என்பது வேறு விடயம்.) ஒரு நாட்காட்டி மெய்யாகவே மக்களுடையது ஆயிற்று என்பதற்கு அதனைக் கொண்டு அவர்கள் பகிடி பண்ணுவதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

‘இது கற்பனைதானே’ என்பார் உளர். ஆனால் இக்கற்பனையின் வேர் ஆழமானது. பண்டை ஆங்கிலேயர் தம் மாதங்களுக்கு வழங்கிய பெயர்களைப் பீட் என்னும் துறவி கி.பி. 725 அளவில் தம் காலக்கணித நூலிற் பதிந்து வைத்தார். பசுக்களிடம் நாளுக்கு மும்முறை பால் கறந்தமையால் ஒரு மாதம் அப்பெயர் பெற்றது என்பது அவர் தரும் விளக்கம். அவ்வழக்கொழிந்த பெயர்களையே ரோல்கீன் தேய்த்து மெருகிட்டு ஹொபிற்றுகளின் வாயில் வைத்தார். நாம் நாள்தோறும் எழுதும் யூலை, ஓகஸ்து என்பவையோ உரோமை ஆட்சியாளர் இருவரின் பெயர்கள். மும்முறை பால் கறந்த மாதம் கற்பனை, அகுஸ்தஸ் சீசரின் மாதம் மெய் என்று கூறுவது எவ்வாறு?

உண்மையில், நாட்காட்டியை மெய் பொய் என்னும் அளவுகோலால் அளப்பதே தவறு. ஆண்டின் நீளத்தை அது பிழையாகக் கணித்தால் அதனைப் பிழை எனலாம். ஆனால் ‘இது திருநாள்’ என்னும் கூற்று ‘இது மலை’ என்னும் கூற்றைப் போன்றதன்று. அது ஒரு வாக்குறுதியைப் போன்றது. வாக்குறுதி மெய்யும் அன்று, பொய்யும் அன்று. அது காக்கப்படுகின்றது, அல்லது காக்கப்படாது போகின்றது. தனியொருவர் எழுதிய நாட்காட்டியும் காக்கப்படின் நாட்காட்டியே. ஆயிரம் அறிஞர் கூடி வகுத்ததும் காப்பாரற்றுப்போயின் வெறுங் கடதாசியே.

இதற்கு வரலாற்றிற் சான்று பல. பிரான்சியப் புரட்சியாளர் 1793இல் ஒரு புதிய நாட்காட்டியை நிறுவினர். முப்பது நாள் கொண்ட பன்னிரு மாதங்களும் எஞ்சும் ஐந்து விழா நாள்களும் உடைய அதன் அமைப்பு ஷயர் நாட்காட்டியைப் பெரிதும் ஒத்தது. ஆயின் கிழமைக்குப் பத்து நாள் என அவர்கள் வகுத்தனர். ஏழு நாளுக்கு ஒரு முறை ஓய்ந்த உழவனும் தொழிலாளியும் பத்து நாளுக்கு ஒரு முறையே ஓயவேண்டியதாயிற்று. பகுத்தறிவின் பெயரால் வந்த நாட்காட்டி அவர்களின் ஓய்வை அல்லவா களவாடியது! நெப்போலியன் 1806ஆம் ஆண்டின் முதல்நாளோடு அதனைக் கைவிட்டபோது அழுதவர் மிகச் சிலரே. சோவியத் ஒன்றியம் 1929இல் ஐந்து நாட் கிழமையைக் கொண்டுவந்தது. இயந்திரங்கள் ஒருநாளும் ஓயாதிருக்கும்பொருட்டுத் தொழிலாளர் ஐந்து பிரிவினராக்கப்பட்டு, ஒவ்வொரு பிரிவினருக்கும் வெவ்வேறு நாளில் ஓய்வு வழங்கப்பட்டது. கணக்கின்படி ஓய்வு கூடியது. ஆனால் கணவனுக்கு ஒரு நாள், மனைவிக்கு வேறு நாள். நண்பனுக்கோ இன்னொரு நாள். தனியே கிடைக்கும் ஓய்வு ஓய்வாகாது என்பதை மக்கள் உடனே கண்டுகொண்டனர். 1931இல் அது ஆறு நாட் கிழமையாகி, 1940இல் ஏழு நாளுக்கே திரும்பிற்று.

ஷயர் திருத்தமும் வெறும் விளையாட்டன்று. அமெரிக்கரான எலிசபெத் அகெலிஸ் அம்மையார் 1930 முதல் பரப்பிய ‘உலக நாட்காட்டி’யும் ஆண்டின் ஈற்றில் ஒரு நாளையும், நெட்டாண்டில் யூனுக்கும் யூலைக்கும் இடையே ஒரு நாளையும் கிழமைக்குப் புறம்பாக நிறுத்தியது. 1931இல் ஜெனீவாவிற் சர்வதேச சங்கத்தின் ஆதரவிற் கூடிய மாநாட்டில் யூதத் தலைமைக் குருவாகிய ஜோசப் ஹேர்ட்ஸ் இத்தகைய திட்டங்களை வன்மையாக எதிர்த்தார். கிழமையில் ஒரு நாளை எண்ணாது விட்டால், இடையறாது ஏழேழாக எண்ணி வந்த ஓய்வுநாள் ஆண்டுதோறும் இடம்பெயர்ந்து வேலைநாள்களில் அலையும் என்பது எதிர்த்தோரின் வாதம். கணக்காளனுக்கு அது ஒரு நாள். காப்பவனுக்கு அது ஒரு நீண்ட சங்கிலியின் கண்ணி. ஷயரில் இவ்வெதிர்ப்பு எழாமைக்குக் காரணம் எளிது. அங்கே சமயச் சிறுபான்மையினர் எவரும் இல்லை. இந்நாட்காட்டியின் இனிமை ஓரளவுக்கு அந்நாட்டின் ஒருமைத்தன்மையிலிருந்து வருவது என்பதை நாம் மறத்தலாகாது.

பன்மைச் சமுதாயமாகிய நம் நாடு இதனைப் பட்டறிந்தது. 1966 முதல் 1971 வரை இலங்கையில் ஞாயிறு வாராந்த விடுமுறையாக இருக்கவில்லை. பிறையின் நான்கு நிலைகளிலும் வரும் போயா நாள்களே அவ்விடத்தைப் பெற்றன. இரு போயாக்களுக்கு இடைப்பட்ட காலம் எப்போதும் ஏழு நாளாக அமைவதில்லை. சிலவேளை எட்டு நாளாகும். எனவே கிழமையின் நீளமே மாறிமாறி வந்தது. உலகம் ஓய்ந்திருந்த ஞாயிறன்று நம் துறைமுகமும் வங்கிகளும் இயங்கின. அவர்கள் இயங்கிய நாளில் நாம் ஓய்ந்தோம். கிறித்தவ உத்தியோகத்தர் பூசைக்கும் அலுவலகத்துக்கும் இடையே ஓடவேண்டியதாயிற்று. இதனை வெறும் தவறென்று ஒதுக்குவது நேர்மையன்று. ஞாயிற்று விடுமுறை குடியேற்ற ஆட்சியாளர் தம் வசதிக்காகக் கொணர்ந்தது. அதனை அகற்றித் தம் மரபுநாளை மீட்க விரும்பியோரின் உணர்வு விளங்கிக்கொள்ளத்தக்கது. ஆனால் 1966 அளவில் அந்த ஞாயிறு கிறித்தவர் அல்லாதாருக்கும் உறவினர் கூடும் நாளாக, கலியாணப் பேச்சுக்குரிய நாளாக ஆகிவிட்டிருந்தது. அதிகாரத்தின் கட்டளையாய் வந்த நாளும் மூன்று தலைமுறை கழிய மக்களின் வழக்கமாகிவிடலாம். இது என் வாதத்துக்கு இடையூறான உண்மை. கட்டளை தீது, வழக்கம் நன்று என எளிதாகப் பிரித்துவிட்டுப் போக இது விடாது. ஷயர் மக்களின் நாட்காட்டியே முதலில் அரசர்களின் நாட்காட்டியிலிருந்து பெற்றுத் திருத்திக்கொண்டதுதான். ஆகவே ஒரு நாளின் பிறப்பிடத்தைக் கொண்டு அதனை மதிப்பிடல் முடியாது. இன்று அதனைக் காப்போர் எவர், எவ்வாறு காக்கின்றனர் என்பதைக் கொண்டே மதிப்பிடல் வேண்டும்.

இனிக் கதைக்கு மீள்வோம். பெரும்போர் முடிந்தபின் கொண்டோர் நாட்டு வேந்தன் எலெஸ்ஸார் புதிய ஆண்டுக்கணக்கை வகுத்தான். பகைவனின் கோட்டை வீழ்ந்த மார்ச் 25 ஆண்டின் முதல்நாளாயிற்று. மோதிரத்தைச் சுமந்துசென்ற ஃபுரோடோ என்னும் ஹொபிற்றின் பெருமைக்காக அவனுடைய பிறந்தநாளாகிய செப்ரெம்பர் 22 விழாநாளாயிற்று. அக்கணக்கு வேந்தனின் நாடுகள் அனைத்திலும் வழங்கிற்று, ஷயர் ஒன்றைத் தவிர. ஷயர் மக்கள் பழைய கணக்கையே வைத்துக்கொண்டனர். வேந்தனும் வற்புறுத்தவில்லை, மனிதர் எவரும் அந்நாட்டினுட் புகலாகாது என அவன் பின்னர் ஆணையிட்டான். அவ்வாணைக்குத் தானே கட்டுப்படவும் செய்தான்.

தம் நாட்டவன் ஒருவனின் புகழ்நாளை அயல்நாடுகள் எல்லாம் கொண்டாட, அவனுடைய சொந்த ஊரார் அந்நாளைக் கொண்டாடியதற்கு எச்சான்றும் இல்லை என்கின்றார் ஆசிரியர். நன்றி மறந்தவர்களா அவர்கள்? அவர்கள் கொண்டாடிய நாள்கள் வேறு. மேற்குப் பகுதியிலே ஏப்பிரல் 6ஆம் நாள், மழை இல்லையாயின், விருந்துத் திடலிற் கூடி ஆடுவது வழக்கமாயிற்று. அது தோட்டக்காரன் சாமின் பிறந்தநாள் என்றனர் சிலர். பொன்மரம் முதன்முதற் பூத்த நாள் என்றனர் வேறு சிலர். தேவ இனத்தாரின் புத்தாண்டு என்றும் கூறினர். காரணத்தில் ஒருமை இல்லை. ஆட்டத்தில் ஒருமை இருந்தது. கிழக்குக் கரையிலோ நவம்பர் 2ஆம் நாள் மாலை கொம்பு ஊதப்படும். தங்கள் ஊரைப் பிடித்திருந்த முரடரை எதிர்த்து ஊரார் தாமே எழுந்த நாள் அது. தொலைவில் வேறொருவர் வென்ற பெருவெற்றியைக் காட்டிலும் தாம் அஞ்சாது நின்ற சிறுபொழுது அவர்களுக்குப் பெரிதாயிற்று.

இவ்வளவிலும் என்னை மிகவும் தாக்கியது வேறொன்று. ஃபுரோடோவுக்கு உண்மையில் இரண்டு நாள்கள் இருந்தன. ஒன்று, அவன் கத்தியாற் குத்தப்பட்ட ஒக்ரோபர் 6. மற்றையது, நச்சுச் சிலந்தியாற் கொட்டுண்ட மார்ச் 13. ஊர் திரும்பியபின் அந்நாள்கள் வரும்போது அவன் நோயுற்றான். 1421இன் மார்ச் மாதத்தில் தன் நோயை முயன்று மறைத்தான். சாமின் வீட்டிற் குழந்தை பிறக்கும் தறுவாய் அது. பன்னிரு நாள் கழித்து, மார்ச் 25இலே, அக்குழந்தை பிறந்தது. கொண்டோர் நாட்டுக்கு அது புதுயுகத்தின் முதல்நாள். சாமுக்கு அது மகள் பிறந்தநாள். அரசு ஃபுரோடோவைக் கொண்டாடத் தெரிவு செய்தது அவன் பிறந்த நாளை. அவனுடைய உடல் நினைவில் வைத்திருந்ததோ வேறு இரு நாள்களை. அவ்விரண்டும் எந்த நாட்காட்டியிலும் இல்லை. போற்றுவதற்காக நிறுவப்படும் நாள் போற்றப்படுபவனின் நாளாகவே இருப்பதில்லை. அது பெரும்பாலும் போற்றுவோரின் தேவைக்குரிய நாள்.

இவ்விடத்து ஒரு தடை எழுப்பப்படலாம். நாளை ஆக்கும் உரிமையை வழக்கத்தின் கையிலேயே விட்டுவிட்டால் எளியோர்க்கு நீதி உண்டோ? வழக்கம் எப்போதும் அன்புடையதன்று. கோயில் திருவிழா ஊருக்கெல்லாம் பொதுநாள் என்று சொல்லப்பட்ட காலத்திலேயே ஊரில் ஒரு பகுதியார் வெளிவீதியிலேயே நிறுத்தப்பட்டனர். 1957இற் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் வந்தும், 1968இல் மாவிட்டபுரத்தில் ஆலயப் பிரவேசத்துக்காகப் போராடவேண்டி இருந்தது. கணவனை இழந்த பெண் நன்னாளில் முன்வரலாகாது என்பதும் வழக்கமே. ஷயரிலும், கிழமையின் கடைசி நாள் மாலையில் எல்லோரும் விருந்துண்ணும்போது அடுப்படியில் நின்றவர் எவர் என்பதை ஆசிரியர் எழுதவில்லை. ஓய்வைப் பொறுத்தவரையிற் சட்டம் வேண்டும் என்பதே என் முடிபு. சட்டம் இல்லையாயின் வலியவன் மட்டுமே ஓய்வான். ஆனால், இந்நாளில் வேலை வாங்கலாகாது எனச் சட்டம் கூறலாம். இந்நாளில் நீ மகிழ்ந்திரு, இந்நாளில் நீ அழாதே எனக் கூறலாகாது. முன்னையது கையைப் பற்றியது. பின்னையது நெஞ்சைப் பற்றியது.

அழாதே என்று கூறும் சட்டம் கற்பனை நாட்டுக்கு உரியதன்று. 2009 மே மாதத்திற் போர் முடிந்தபின், ஆண்டுதோறும் அதே நாள்களை அரசு அணிவகுப்புகளுடன் வெற்றிநாளாகக் கொண்டாடிய காலம் இருந்தது. அதே நாள்களில் வடக்கிலும் கிழக்கிலும், தம்மவரை இழந்தோர், பெரும்பாலும் பெண்கள், வீதியோரத்திற் பானை வைத்து அரிசிக் கஞ்சி காய்ச்சுகின்றனர். போரின் இறுதி மாதங்களில் முள்ளிவாய்க்காலில் அடைபட்டிருந்தோர் உயிர் தாங்கிய உணவு அது. அரிசியும் நீரும், கிடைத்தால் உப்பும், அவ்வளவே. இப்படிச் செய்க என எந்த வேந்தனும் ஆணையிடவில்லை. எந்தப் பஞ்சாங்கமும் குறிக்கவில்லை. மாறாக, 2024 மே மாதத்திற் சம்பூரில் அக்கஞ்சியைக் காய்ச்சி வழங்கியோர் கைது செய்யப்பட்டனர்.

ஹொபிற்றுகளின் ஒரு வழக்கத்தை இதுவரை கூறாது வைத்திருந்தேன். அவர்கள் தம் பிறந்தநாளிற் பரிசு பெறுவதில்லை; பிறருக்குப் பரிசு கொடுக்கின்றனர். பெரும்பாலும் விலைமதிப்பற்ற சிறு பொருள்கள். வீட்டிற் சும்மா கிடந்து, எறியவும் மனம் வராது வைத்திருந்தவை. நாள்தோறும் எவருக்கேனும் பிறந்தநாள் வருவதால் கிழமைக்கு ஒரு முறையாவது எல்லோருக்கும் ஏதேனும் கிடைக்கும். நாளுக்கு உரியவன் நாளின் பேரால் கேட்பவனல்லன், கொடுப்பவன். கற்பனைக் கதையின் களிப்பையும் நம் மண்ணின் துயரையும் அருகருகே வைப்பது பொருந்துமோ என நெடுநேரம் தயங்கினேன். ஆயினும் மே மாதத்தில் அவ்வீதியாற் போகும் எவருக்கும், மொழியோ சமயமோ கேளாது, சிரட்டையிற் கஞ்சி நீட்டப்படுகின்றது. வாங்குவோரும் உளர், தலையைத் திருப்பிக்கொண்டு போவோரும் உளர். போகிறவரை எவரும் மறிப்பதில்லை. அடுத்தவருக்கு அகப்பை மீண்டும் பானைக்குள் இறங்குகின்றது.